எச்சிலா, சளியா?

நான் ஓய்வுபெறுகிற அன்று ஆய்வுகூடத்துத் தம்பி ஒருவர் சிரித்துக்கொண்டே கேட்டார்: "காக்கா, இனி மைக்ரோஸ்கோப்பை மியூசியத்துக்கு அனுப்பலாந்தானே?" ஜீன்எக்ஸ்பர்ட் இயந்திரம் வந்துவிட்டது. ஏறக்குறைய இரண்டு மணித்தியாலத்தில் சளியில் கயரோகக் கிருமி இருக்கிறதா என்று சொல்லும். அந்தக் கிருமி ரிஃபாம்பிசின் மருந்துக்கு மசியுமா, மசியாதா என்பதையும் சேர்த்தே சொல்லும். மெச்ச வேண்டிய சாமான்தான். அதோடு எனக்குச் சண்டையில்லை. அதற்குள் எதைப் போடுகிறார்கள் என்பதில்தான் சண்டை.

கல்முனை, சாய்ந்தமருது, மருதமுனைப் பக்கம் என்னைச் 'சளி பார்க்கிறவர்' என்றால்தான் ஆட்களுக்குத் தெரியும். கலியாண வீட்டில் என்னோடு ஒரே சஹனில் கை வைக்கத் தயங்கியவர்களும் உண்டு. கயரோகம் காற்றில் பரவுவது, சஹனில் அல்ல. இதை எத்தனை தரம் சொல்லியிருப்பேனோ!

வெலிசறையில் எங்களுக்குப் படிப்பித்த சிங்கள சேர், காய்ந்த ஸ்லைடைச் சாயம் போடுமுன் பத்திரிகைக்கு மேல் பிடித்துப் பார்க்கச் சொல்வார். அச்செழுத்து மறைந்தால் பூச்சு தடிப்பு, பளிச்சென்று தெரிந்தால் மெல்லிசு. "எனக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாதே சேர்" என்றேன். "நீ வாசிக்க வேண்டாம், எழுத்துத் தெரிந்தால் போதும்" என்றார். கார்போல் ஃபுக்சினை ஆவி எழும்வரைதான் சூடாக்க வேண்டும், கொதித்தால் ஸ்லைட் கெட்டது. நூறு ஃபீல்ட் பார்க்காமல் நெகட்டிவ் எழுதக்கூடாது. முப்பதோடு கதிரையை விட்டு எழும்புகிறவர்களை இப்போது பார்க்கிறேன். கேட்டால் "கண் நோகுது காக்கா" என்பார்கள். எனக்கு மட்டும் கண்ணாடிக் கண்ணா?

ஆனால் நூறு ஃபீல்டும் வீண்தான், கோப்பையில் இருப்பது எச்சிலாக இருந்தால். ஒரு மில்லிலீட்டர் சளியில் ஐயாயிரம் பத்தாயிரம் கிருமி இருந்தால்தான் மைக்ரோஸ்கோப்பில் கண்ணுக்குப் படும். நுரை நுரையாய், வெற்றிலைச் சாறும் கலந்து வருகிற எச்சிலில் எதைத் தேடுவது?

வேலைக்கு வந்த புதிதில் ஒரு உம்மா மூன்று கோப்பை தந்தார். மூன்றும் எச்சில். திருப்பிக் கொடுக்க வெட்கப்பட்டு, மூன்றையும் பார்த்து நெகட்டிவ் எழுதினேன். இரண்டு மாதம் கழித்து, தோள் எலும்பு தெரிய, மகளின் கையைப் பிடித்துக்கொண்டு வந்தார். கோப்பையில் மஞ்சள் சளி, நூல் நூலாய் இழுபட்டது, நடுவில் இரத்தக் கோடு. நீலத்தில் சிவப்புக் கோல்கள் ஃபீல்டுக்கு ஃபீல்ட் குவிந்து கிடந்தன. மூன்று பிளஸ்.

"அப்ப ஏன் உம்மா எச்சிலைத் துப்பித் தந்தீங்க?"

மகளை வெளியே போகச் சொல்லிவிட்டுச் சொன்னார்: "வேணுமெண்டுதான் மகன். மகளுக்குக் கலியாணம் பேசியிருந்த."

எங்கள் பக்கம் வீடு பெண்ணுக்கு, மாப்பிள்ளை வந்து குடியிருப்பவர். கயரோக வீட்டுக்கு யார் வருவார்? அந்த இரண்டு மாதம் வீட்டுக்குள் கிருமியோடு சுற்றிய மூச்சுக்காற்று, அவரின் வெட்கமும் என் வெட்கமும் சேர்ந்த கணக்கு.

அதன்பிறகு கோப்பையை ஒருவரிடமும் சும்மா கொடுத்தனுப்பியதில்லை. வெளியே தென்னைக்குக் கீழே கூட்டிப்போவேன். கச்சான் அடிக்கிற நாளென்றால் நான் மேற்குப் பக்கம் நிற்பேன், காற்று என்னைத் தாண்டி அவரிடம் போகட்டும் என்று. "மூச்சை நெஞ்சு நிரம்ப இழுங்க ராத்தா. பிடிங்க. இன்னொருக்கா. இப்ப அடியிலிருந்து இருமுங்க." நோன்பு காலத்தில் சளி துப்பினால் நோன்பு முறியுமா என்று பயப்படுவார்கள். துப்புவதால் முறியாது என்று பள்ளி மௌலவியே சொல்லிக் கொடுத்தார். சஹருக்கு எழும்பியதும், சாப்பிடுமுன் எடுக்கிற சளியைவிட நல்ல சாம்பிள் கிடையாது.

அந்த உம்மாவின் கதைக்குத் திரும்புகிறேன். மெட்ராஸில் 1956இல் தொடங்கிய ஆய்வு, வீட்டில் வைத்துக் கொடுக்கிற மருந்தும் சானடோரியத்துக்கு ஈடு என்று காட்டியது. அந்த உம்மாவும் வீட்டிலிருந்தே குளிசை எடுத்தார். முதல் இரண்டு மாதம் நாலு மருந்து, மீதி நாலு மாதம் இரண்டு. சலம் செம்மஞ்சளாய்ப் போகிறதென்று பயந்து ஒருநாள் ஓடிவந்தார். ரிஃபாம்பிசின் செய்கிற வேலை அது. இரண்டாம் மாத ஸ்லைட் சுத்தமாய் இருந்தது. மருந்து வேலை செய்கிறதா என்று பார்க்கிற இந்த இடத்தில் ஜீன்எக்ஸ்பர்ட் உதவாது, செத்த கிருமியையும் அது எண்ணிவிடும். மியூசியத்துக்கு அனுப்பச் சொன்ன தம்பி இதை யோசிக்கவில்லை.

இயந்திரத்துக்குள் எச்சிலைப் போட்டாலும் அது கோபிக்காது. நான் அன்று எழுதியதையே அழகான எழுத்தில் அடித்துத் தரும். மூடியைத் திறந்து பாருங்க தம்பி. எச்சிலென்றால் வெட்கப்படாமல் திருப்பிக் கொடுங்க.