ஸ்டூல் மேல ஏறி நில்லுங்க

போன மாதம் ஒரு இளம் சர்ஜன் ஊத்தங்கரைக்கு வந்திருந்தார். நான் ஆபரேஷனை நிறுத்திவிட்ட சேதி கேட்டு, மரியாதைக்குப் பார்த்துவிட்டுப் போக வந்தவர். காபியைக் குடித்துக்கொண்டே, "சார், உங்ககிட்ட பழைய வெயின் ஸ்ட்ரிப்பர் இருக்காமே, எங்க காலேஜ் மியூசியத்துக்குக் கொடுப்பீங்களா?" என்று கேட்டார். நல்ல பிள்ளை. என்னைக் குத்திக்காட்டவேண்டும் என்று கேட்கவில்லை. ஆனால் அந்த ஸ்ட்ரிப்பரை நான் கடைசியாகக் கையில் எடுத்துப் பதினாலு மாதம்தான் ஆகிறது. அந்தக் காலுக்குச் சொந்தக்காரர் இப்போதும் தினமும் எங்கள் தெரு வழியாகத்தான் பால் கேன் வைத்த வண்டியில் போகிறார்.

அன்று அவருக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அதனால் இதை எழுதுகிறேன்.

எங்கள் பக்கம் வெரிகோஸ் வெயினுக்கு ஒரே பெயர், "நரம்பு சுருட்டிக்கிச்சு". அது நரம்பு இல்லை, ரத்தக்குழாய் என்று முதல் பத்து வருஷம் திருத்திப் பார்த்தேன். பிறகு நானும் நரம்பு என்றே பேசப் பழகிக்கொண்டேன். இதில் ஒரே சங்கடம், முழங்காலுக்குக் கீழே வெயினோடு ஒட்டிக்கொண்டு நிஜமாகவே ஒரு நரம்பு ஓடுகிறது. சஃபீனஸ் நரம்பு. வெயினை உருவியெடுக்கும் ஸ்ட்ரிப்பரைக் கணுக்கால் வரை விட்டு உருவினால் அது அடிபடும். ஆரம்ப காலத்தில் நான் உருவிய ஒரு காலுக்குரியவர், கணுக்கால் உட்புறம் எறும்பு ஊர்ந்தாலும் தெரியவில்லை என்று வந்து நின்றார். "நரம்பை எடுத்ததுல நரம்பு அடிபட்டுடுச்சுங்க" என்று அவருக்கு விளக்கிய அன்று என் தமிழ் தோற்றுப்போனது. அதற்கப்புறம் முழங்காலோடு நிறுத்திக்கொண்டேன்.

வந்தவர்கள் எல்லோரும் நின்று பிழைப்பவர்கள். பரோட்டா மாஸ்டர்கள், கண்டக்டர்கள், ஓசூர் அசெம்பிளி லைனில் ஷிஃப்ட் முழுக்க நிற்கிற பையன்கள், பர்கூர் பக்கம் ஷூ கம்பெனிக்குப் போகிற பெண்கள், சீசனில் மாம்பழக்கூழ் ஆலையில் ஈரத்தரையில் நிற்பவர்கள், சிங்காரப்பேட்டையிலிருந்தும் கல்லாவியிலிருந்தும் பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போய் வருபவர்கள். கடைகளில் வேலை பார்ப்பவர்களுக்கு உட்கார இருக்கை தரவேண்டும் என்று தமிழ்நாட்டில் சட்டத் திருத்தம் வந்ததே 2021-ல்தான். அதற்குப் பிறகு நாற்காலி போட்ட ஒரு துணிக்கடையையும் பார்த்தேன். அதன்மேல் அட்டைப்பெட்டி அடுக்கியிருந்தது.

இந்த வேலையை எனக்குக் கற்றுக்கொடுத்தவர் சென்னையில் எங்கள் சீஃப். அவர் ஓ.பி.யில் ஒரு மரஸ்டூல் இருக்கும். நோயாளி அதன்மேல் ஏறி நிற்கவேண்டும். சீஃப் மடித்த துண்டைப் போட்டு, சட்டை கசங்குவதைப் பற்றிக் கவலைப்படாமல் தரையில் உட்கார்ந்துவிடுவார். அப்போதுதான் கால் அவர் கண்மட்டத்துக்கு வரும். உடனே தொடமாட்டார். ஐந்து நிமிஷம் சும்மா நிற்கவைப்பார். ரத்தம் இறங்கி ஒவ்வொரு நரம்பாகப் புடைத்து வருவதை, தூண்டில் போட்டவன் தக்கையைப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருப்பார். பிறகு தொடையிடுக்கில் ஒரு விரலை வைத்து "இருமுங்க" என்பார். விரலுக்கடியில் ஒரு சிலிர்ப்பு ஓடும். அதை உணர எனக்கு நாலு மாதம் பிடித்தது.

"பைலேட்டரல் வெரிகோஸ் வெயின்ஸ், சார்" என்று யாராவது கேஸ் சொன்னால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். அவருக்கு ஒரே கேள்விதான்: "எங்கே ஒழுகுது?" வால்வு பழுதாகி ரத்தம் பின்னோக்கி ஒழுகுவது மேலே இடுக்கிலா, முழங்காலுக்குப் பின்னாலா, நடுவில் ஆழக் குழாயோடு இணைக்கும் பெர்ஃபொரேட்டரிலா? அதைச் சொல்லாதவன் ஆபரேஷனுக்குக் கைகழுவ வரக் கூடாது. ஊத்தங்கரைக்கு வந்தபின் இதே கேள்வியை நான் மதகை வைத்து விவசாயிகளுக்குச் சொல்வேன். மேலே மதகு அடைபடவில்லை என்றால் கீழே கால்வாய்க் கரைக்கு எவ்வளவு மண் கொட்டினாலும் உடைத்துக்கொண்டுதான் போகும். பாம்பாறு அணைத் தண்ணீரில் பயிர் வைத்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் தேவைப்படவில்லை.

ஆபரேஷனுக்கு முந்தின சாயங்காலம் நரம்பின்மேல் கோடு போட்டுவைக்க வேண்டும். நிற்கும்போது கயிறு கயிறாகத் தெரிவது, படுத்தால் இருந்த இடம் தெரியாது. என் முறை வந்தபோது பால்பாயிண்ட் பேனாவால் அழகாக வரைந்து வைத்தேன். மறுநாள் தியேட்டரில் ஸ்பிரிட் போட்டுத் துடைத்ததும் முழுக்கப் போய்விட்டது. சீஃப் வந்து வெறும் காலைப் பார்த்தார். என்னைத் திட்டவில்லை. இன்னும் ஸ்பைனல் மயக்க ஊசி கொடுத்திருக்கவில்லை. மேஜையில் படுத்திருந்தவரை, "அய்யா, கொஞ்சம் இறங்கி நில்லுங்க" என்று சொல்லி இறக்கிவிட்டு, தானே கீழே உட்கார்ந்து திரும்ப வரைந்தார். தியேட்டர் முழுக்க நின்று பார்த்தது. திட்டியிருந்தால் மறந்திருப்பேன்.

இப்போது இடுக்கு. இந்த வேலையின் உயிரே அங்கேதான். எஸ்.எஃப்.ஜே., அதாவது சஃபீனஸ் வெயின் ஆழத்திலிருக்கும் ஃபெமோரல் வெயினோடு சேருமிடம், எங்கே இருக்கும் என்று கேட்டால் எந்த மாணவனும் சொல்வான், பியூபிக் டியூபர்கிளுக்குக் கீழே, வெளிப்பக்கமாக மூணு நாலு சென்டிமீட்டர். ஒல்லியான ஆளுக்கு அது சரி. வயிறு தொங்குகிற உடம்பில், கொழுப்புக்குள் விரலை விட்டுத் தேடும்போது எல்லாக் குழாயும் ஒரே நீலம்தான். சஃபீனஸ் என்று நினைத்து ஃபெமோரலையே கட்டிவிட்டவர்கள், தமனியையே உருவிவிட்டவர்கள்கூட உண்டு. மருத்துவ இலக்கியத்தில் பதிவாகியிருக்கிறது. அதனால் சீஃப் போட்ட சட்டம்: சேருமிடத்துக்கு மேலேயும் கீழேயும் ஃபெமோரல் கண்ணில் படாமல் கத்தரிக்கோல் கேட்காதே. அங்கே வந்து சேரும் கிளைகள் ஒவ்வொன்றையும் அதன் அடுத்த பிரிவு வரை துரத்திப்போய்க் கட்டு. ஒன்றை விட்டாலும் அஞ்சு வருஷத்தில் திரும்பி வரும்.

இரண்டாம் வருஷத்தில் ஒரு நாள், அப்படி ஒரு சின்னக் கிளையை நான் வேரோடு பிய்த்துவிட்டேன். கறுத்த ரத்தம் குழி நிறைய எழும்பியது. வெயின் ரத்தம் பீய்ச்சாது, கிணற்று ஊற்று மாதிரி அமைதியாக மேலே வரும், அதனாலேயே பயம் அதிகம். ஆர்ட்டரி ஃபோர்செப்ஸ் கேட்டுக் கையை நீட்டினேன். சீஃப் என் மணிக்கட்டில் ஓங்கி ஒரு தட்டு தட்டினார். ஒரு துணிச்சுருளை வைத்து ஒற்றை விரலால் அமுக்கினார். "டேபிளைத் தலைப்பக்கம் இறக்குங்க." சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். அஞ்சு நிமிஷம். அந்த அஞ்சு நிமிஷமும் மகளுக்கு வந்திருக்கும் வரனைப் பற்றி மயக்க மருந்து டாக்டரிடம் பேசிக்கொண்டிருந்தார். பையனுக்கு உயரம் போதாதாம். பிறகு விரலை மெல்ல எடுத்தார். குழி காய்ந்திருந்தது. அரிசி அளவு ஓட்டை. ஒரே ஒரு ப்ரோலீன் தையல்.

தலைப்பக்கம் தாழ்த்திச் சாய்ப்பதற்கு டிரெண்டலென்பர்க் பொசிஷன் என்று பெயர். வெரிகோஸ் வெயினுக்கு முறையாகக் கட்டுப்போடும் ஆபரேஷனை 1891-ல் எழுதிவைத்த ஜெர்மானியரும் அதே டிரெண்டலென்பர்க்தான். அவர் தொடை நடுவில்தான் கட்டினார். திரும்பத் திரும்ப நோய் வந்தது. கட்டு போடவேண்டிய இடம் சேருமிடத்தோடு ஒட்டித்தான் என்று ஹோமன்ஸ் சொன்னது 1916-ல். இடையில் 1907-ல் பேப்காக் கொண்டுவந்தது, அந்தப் பிள்ளை மியூசியத்துக்குக் கேட்ட கம்பி, முனையில் ஏலக்காய் மாதிரி ஒரு குமிழோடு. அதை வைத்துக்கொண்டு தொண்ணூறு வருஷம் உலகம் ஓடியது.

பிறகு மளமளவென்று வந்தது எல்லாம். 1990களின் கடைசியில் ரேடியோ அலை, லேசர். குழாயை உருவ வேண்டாம், உள்ளேயே சுட்டு மூடிவிடலாம். 2000-ல் டெஸ்ஸாரி என்ற இத்தாலியர் இரண்டு சிரிஞ்சும் ஒரு மூன்றுவழிக் குழாயும் வைத்து, குழாயை மூடும் மருந்து ஒரு பங்குக்கு நாலு பங்கு காற்று கலந்து நுரையாக்கிக் காட்டினார். அவ்வளவு எளிமையான ஒன்றுக்கு அத்தனை வருஷம் ஆனதுதான் ஆச்சரியம். இப்போது பசை வைத்தும் ஒட்டுகிறார்கள். நான் குறை சொல்லமாட்டேன். லேசர் போட்டவர் அன்றைக்கே நடந்து பஸ் ஏறுகிறார். என் நோயாளி பத்து நாள் தொடை முழுக்க நாவல்பழ நிறத்தோடு படுத்திருந்தார். இங்கிலாந்தின் நைஸ் அமைப்பு 2013-ல் வரிசை போட்டுவிட்டது: முதலில் சூடு, அது முடியாவிட்டால் நுரை, அதுவும் முடியாவிட்டால் கத்தி. என் தொழிலுக்கு மூணாவது இடம். மூணாவது இடம் என்றால் இல்லாத இடம் என்று அர்த்தமா?

லேசர் முனையைச் சேருமிடத்திலிருந்து இரண்டு சென்டிமீட்டர் தள்ளித்தான் வைப்பார்கள். நியாயம்தான், ஃபெமோரலைச் சுடக் கூடாது. ஆனால் அந்த இரண்டு சென்டிமீட்டருக்குள் இருக்கும் கிளைகளைத்தான் என் சீஃப் வாழ்நாள் முழுக்கத் துரத்தினார். பெரும்பாலானவர்களுக்கு அவை தொல்லை தருவதில்லை, ஒப்புக்கொள்கிறேன். நான் சுத்தமாகக் கட்டிய இடுக்குகளிலும் புதுக் கிளைகள் முளைத்து நோய் திரும்பியிருக்கிறது, அதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் திரும்பி வந்தவர்களில் சிலருக்கு இடுக்கைத் திறந்தே ஆகவேண்டும். தழும்புக்குள் திறப்பது, முதல்முறை திறப்பதைவிடப் பத்து மடங்கு கஷ்டம். அதைச் செய்ய இன்னும் பத்து வருஷத்தில் யார் இருப்பார்கள்? இடுக்கையே திறந்து பார்க்காமல் எம்.எஸ். முடித்தவர்களைப் பார்க்கிறேன். அல்ட்ராசவுண்டில் ஃபெமோரல் வெயின் முகமாகவும், தமனியும் சஃபீனஸும் இரண்டு காதாகவும் தெரியும். மிக்கி மவுஸ் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அது தெரிந்தால் போதுமாம்.

என் கோபம் மெஷின்மேல் இல்லை. டாப்ளர் ஸ்கேன் வந்தபோது இந்தத் தாலுகாவில் முதலில் சந்தோஷப்பட்டவன் நான்தான். சீஃப் விரலால் உணர்ந்ததை அது திரையில் காட்டியது. அரை நொடிக்குமேல் பின்னோக்கி ஓடினால் வால்வு பழுது என்று கணக்காகச் சொன்னது. கோபம், நோயாளியைப் படுக்கவைத்து டாப்ளர் பார்ப்பதன்மேல். படுத்தவர் காலில் எங்கிருந்து ஒழுகும்? ரிப்போர்ட்டைத் திறந்தால் ஆளுக்கு ஆள் அதே வாக்கியம், கமாகூட மாறாமல். பெயரும் வயதும் மட்டும் வேறு.

சில வருஷத்துக்கு முன் ஒரு பெண் வந்தார். இடது கால் முழுக்கச் சுருட்டல். ஒரு பெரிய ஊரில் லேசருக்கு நாள் குறித்திருந்தார்கள், அரை மணி நேர வேலை, தழும்பே இருக்காது என்று. பணம் புரட்ட ஒரு வாரம் இருந்ததால், யாரோ சொல்லி என்னிடம் வந்தார். "ஸ்டூல் மேல ஏறி நில்லும்மா" என்றேன். நின்றார். எனக்கு முதலில் கண்ணில் பட்டது சுருட்டல் இல்லை. இடது தொடையே வலதைவிடப் பருமன். அடிவயிற்றின் குறுக்கே, தொப்புளுக்குக் கீழே, ஒரு பச்சைக்கோடு வலப்பக்கம் போயிற்று.

"பிரசவத்துக்கப்புறம் கால் வீங்குச்சாம்மா?"

"ரெண்டாவதுக்குங்க சார். ஒரு மாசம் எந்திரிக்கல. எங்கம்மா ஒத்தடம் குடுத்துச்சு."

"லேசர் போடற எடத்துல இதைச் சொன்னியா?"

"கேக்கலீங்களே."

உள்ளே ஆழத்தில் இருக்கும் பெரிய குழாய் அன்றைக்கே உறைந்து அடைத்துப்போயிருக்கிறது. இத்தனை வருஷமாக ரத்தம் இதயத்துக்குத் திரும்பியது, இந்தச் சுருண்ட நரம்புகள் வழியாகத்தான். அவை நோய் இல்லை. நெடுஞ்சாலை மூடியபின் வயல்வழியே போட்டுக்கொண்ட மாற்றுப்பாதை. அதைச் சுட்டு மூடியிருந்தால்? நிற்கவைத்து மறுபடி ஸ்கேன் எடுக்கச் சொன்னேன். அடைப்பு தெரிந்தது. அந்தக் காலுக்கு ஆபரேஷன் கிடையாது. இறுக்கமான காலுறைதான். வெயிலில் போடமுடியவில்லை என்று சண்டை போட்டுக்கொண்டே இன்றும் போட்டிருக்கிறார்.

இதைக் கண்டுபிடிக்க லேசரும் வேண்டாம், ஸ்ட்ரிப்பரும் வேண்டாம். ஒரு ஸ்டூலும், தரையில் உட்கார ஒரு துண்டும், அஞ்சு நிமிஷமும் போதும். அந்த அஞ்சு நிமிஷத்துக்குத்தான் இப்போது யாரிடமும் நேரமில்லை. புது ஆஸ்பத்திரிகளின் ஓ.பி. அறைகளுக்குப் போய்ப் பார்க்கிறேன். ஏ.சி. இருக்கிறது, கம்ப்யூட்டர் இருக்கிறது, நோயாளிக்குச் சுழலும் நாற்காலிகூட இருக்கிறது. ஏறி நிற்க ஒன்றும் இல்லை.

அன்று அந்தப் பிள்ளை கிளம்பும்போது ஸ்ட்ரிப்பரைத் துடைத்து, பேப்பரில் சுற்றிக் கொடுத்துவிட்டேன். என் ஸ்டூலையும் எடுத்துக்கொண்டு போகச் சொன்னேன். ஊத்தங்கரை ஆசாரி ஒருவர் வேப்பமரத்தில் செய்து கொடுத்தது, முப்பது வருஷத்துக்குமேல் ஆகிறது, இன்னும் ஆடவில்லை. அவர் சிரித்தார். காரில் இடம் இல்லை என்றார்.

ஸ்டூல் வீட்டில்தான் இருக்கிறது. பரணிலிருந்து ஏதாவது எடுக்க என் மனைவி அதன்மேல் ஏறுகிறாள். ஏறும்போதெல்லாம் என் கண் அவள் காலுக்குத்தான் போகிறது.