நிலவை விழுங்கும் பக்குனாவா

செபுவில் மருத்துவம் பயிலும் அன்பு மருமகளுக்கு,

பிலிப்பைன்ஸ் நாட்டின் நடுப்பகுதியில் செபு, பனாய், நீக்ரோஸ், லெய்த்தே, சாமார் முதலிய தீவுகள் அடங்கிய பகுதி விசயாஸ் எனப்படும். அங்கே பக்குனாவா என்று வழங்கப்படும் கடல்நாகம், ஆழ்கடலில் குடியிருந்து, வேளை வரும்போது வானேறி நிலவை விழுங்குவதாகச் சொல்லப்படும் கற்பனை உயிரி. மூக்கின்மேல் ஒற்றைக் கொம்பும் வளையமாகச் சுருண்ட வாலும் உடையதாக அதை வரைவது மரபு. இன்று பரவலாகச் சொல்லப்படும் கதையின்படி, ஆதியில் வானில் ஏழு நிலவுகள் இருந்தன. அவற்றின் அழகில் மயங்கிய நாகம் ஆறு நிலவுகளை ஒவ்வொன்றாக விழுங்கிவிட, எஞ்சிய ஒன்றை மக்கள் பேரொலி எழுப்பிக் காத்துக்கொண்டனர். ஆகவேதான் கிரகணம் தொடங்கியதும் ஊரார் வெளியே வந்து சட்டி பானைகளைத் தட்டி, விழுங்கிய நிலவைத் திருப்பிக் கொடு என்று கூச்சலிடுவதும், அந்த இரைச்சலில் மிரண்டு நாகம் நிலவைக் கக்கிவிடும் என்று நம்புவதும் வழக்கமாயின.

வளர்பிறை தேய்பிறையைக் கொண்டே மாதத்தைக் கணித்து, கடலின் ஏற்றவற்றத்தையும் வலை வீச ஏற்ற இரவையும் நிலவைப் பார்த்தே அறிந்துகொண்ட தீவு மக்களுக்கு, நிலவு பறிபோனால் நாட்கணக்கே பறிபோகும். அந்நாகம் உண்டது அவர்களுடைய காலத்தையே என்று கொள்வது இதனாலேயே பொருந்துகிறது. அதிலும் சந்திர கிரகணம் முழுநிலா நாளில் மட்டுமே நிகழக்கூடியது. மாதத்தில் மிகத் தெளிவாக அடையாளம் காணத்தக்க அந்த ஓர் இரவிலேயே நிலவு மறைவது எத்தகைய கலக்கத்தை உண்டாக்கியிருக்கும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

எழுத்துச் சான்றுகளைப் பார்க்கும்போது ஏழு நிலவுக் கதை பின்னுக்குச் சென்று, வேறொன்று முன்னே வருகிறது. அகுஸ்தினிய சபைத் துறவியான அலோன்சோ தே மெந்த்ரிதா, பனாய்த் தீவின் மொழிக்காகத் தொகுத்து 1637இல் வெளிவந்த அகராதியில், பக்குனாவா என்பதற்குச் சூரிய அல்லது சந்திர கிரகணம் என்றே பொருள் தரப்பட்டுள்ளது. அதாவது, நாகத்தின் பெயர் அக்காலத்திலேயே வான நிகழ்வின் பொதுப்பெயராகிவிட்டிருந்தது. ஏழு நிலவுக் கதையின் சில வடிவங்களில் நிலவுகளைப் படைத்தவனாக வரும் பாத்தாலா, லூசோன் தீவில் வாழும் தகலாக் மக்களின் கடவுள் ஆதலால், அவ்வடிவங்கள் வெவ்வேறு தீவுகளின் மரபுகள் பிற்காலத்தில் ஒன்றுகலந்து உருவானவை என்று கருதுவதே தகும்.

எனினும் பக்குனாவாவின் வரலாற்றில் மிகுந்த கவனத்துக்கு உரியது கதையுமன்று, கிரகணமுமன்று. அந்நாகம் நாட்காட்டியாகப் பயன்பட்ட முறையே ஆகும். மன்சுவேதோ போராஸ் 1919இல் வெளியிட்ட சிக்னோசான் என்னும் நூலில் காணப்படும் சக்கரப் படத்தின் நடுவே முழுநிலவும், அதைச் சுற்றிச் சுருண்ட நாகமும், அதற்கு வெளியே நிலவின் பிறைகளும் கிரகண நிலைகளும், ஓரத்தில் திசைக் குறிகளும் அமைந்துள்ளன. இந்தக் கணக்கின்படி நாகத்தின் தலை ஜனவரி முதல் மார்ச் வரை வடக்கிலும், ஏப்ரல் முதல் ஜூன் வரை மேற்கிலும், ஜூலை முதல் செப்டம்பர் வரை தெற்கிலும், அக்டோபர் முதல் டிசம்பர் வரை கிழக்கிலும் இருக்கும். தூண்களின்மேல் வீட்டை எழுப்பும் அம்மக்கள், நாகம் அப்போது எத்திசை நோக்கிக் கிடக்கிறது என்று பார்த்த பின்னரே தூண் நடும் ஒழுங்கை முடிவு செய்தனர். அதன் வாய்க்கு எதிரே போய் நிற்கும் வீட்டில் நோயும் சாவும் நேரும் என்று அஞ்சினர். பபாய்லான் எனப்படும் சடங்குத் தலைவியரும், தம் சடங்குகளில் இந்தத் திசையைக் கருத்தில் கொண்டனர். ஆண்டு முழுவதையும் நான்கு பங்காக்கி ஓசையின்றித் திரும்பும் இந்நாகத்தை வெறும் அரக்கனாகச் சுருக்கிவிடுவது, அதைக் கொண்டு வாழ்க்கையை ஒழுங்கு செய்துகொண்ட மக்களின் அறிவைக் குறைத்து மதிப்பிடுவதாகும்.

இந்தியாவின் இராகுவே கடல் கடந்து பக்குனாவா ஆயிற்று என்று சொல்லிவிடுவது எளிது. ஆனால் அது அவசர முடிவு. பாம்பு நிலவை விழுங்கும் உவமை சங்கப் பாடல்களிலேயே உண்டு என்பது உண்மையே. ஆனால் திசை மாறிக் கிடக்கும் நாகத்துக்கு இன்னும் நெருங்கிய உறவுகள் சாவகத்திலும் சயாமிலும் கம்போடியாவிலும் உள்ளன: சாவகத்தின் பிரிம்போன் எனப்படும் சோதிடச் சுவடிகள் நாளுக்கும் ஆண்டுக்கும் உரிய நாகங்களின் திசையைக் கூறுகின்றன, தாய், கெமர் மக்களும் வீட்டின் முதல் தூணுக்குக் குழி தோண்டுமுன் நிலத்துக்கடியில் நாகம் கிடக்கும் நிலையைப் பார்க்கின்றனர்.

இராகுவோ வேறு வகையில் காலத்தை உண்பவன். பகற்பொழுதை எட்டாகப் பகுத்து, அதில் ஒரு பங்கை, அதாவது ஏறத்தாழ ஒன்றரை மணி நேரத்தை, இராகு காலம் என்று நல்ல காரியங்களுக்கு விலக்கிவைப்பது தமிழ்ப் பஞ்சாங்க வழக்கு. செவ்வாய்க்கிழமையாயின் பிற்பகல் 3 முதல் 4.30 வரை அது அமையும். கிரகணம் நிழலால் நிகழ்வது என்று ஆரியபட்டர் 499ஆம் ஆண்டளவில் விளக்கிய பின்னரும், நிலவின் பாதையும் சூரியனின் தோற்றப் பாதையும் வெட்டிக்கொள்ளும் இரு புள்ளிகளுக்கு இராகு, கேது என்னும் பெயர்கள் நிலைத்தன. அப்புள்ளிகளில் ஒன்றிலிருந்து புறப்பட்ட நிலவு மீண்டும் அதையே அடைய 27 நாளும் ஏறத்தாழ 5 மணி நேரமும் ஆகின்றன. அந்தக் கால அளவை மேனாட்டு வானியலாரும் இன்றுவரை டிராகனின் பெயராலேயே குறிக்கின்றனர்.

பனாய்த் தீவின் பழைய வாள்கள் செபுவிலுள்ள அருங்காட்சியகம் எதிலேனும் காணக் கிடைக்குமானால், அவற்றின் கைப்பிடி முனையை உற்று நோக்குவது நல்லது. மரத்திலோ கொம்பிலோ செதுக்கப்பட்டு, வாய் பிளந்து நிற்கும் தலைகளைப் பக்குனாவா என்று அடையாளம் காண்பது வழக்கம். சிக்னோசான் படத்தின் நகல் ஒன்று அங்குள்ள நூலகங்களில் கிடைத்தால் அனுப்பி வைக்கவும்.

அன்புடன்,
தாய்மாமன்