சுண்ணாம்பும் பனையும்

யாழ்ப்பாணத்துக்கு வருகிறவர்களை அரைநாளில் சுற்றிக்காட்டிவிடுவது இப்போது வழக்கமாகிவிட்டது. காலையில் விடுதி வாசலுக்கு வான் வரும். கந்தரோடை, நிலாவரைக் கிணறு, நல்லூர், கடைசியில் கோட்டை. இடையில் ஒரு வீட்டிலோ சின்னக் கடையிலோ ஒடியல் கூழ். கல்லைக் காட்டும்போது வழிகாட்டி ஆண்டு சொல்வார். கூழைக் காட்டும்போது "இது எங்கட பாரம்பரியச் சாப்பாடு" என்று சொல்லி நிறுத்திவிடுவார். கல் என்றால் வரலாறு, கூழ் என்றால் இளைப்பாறல் என்று ஆகிவிடுகிறது. எனக்கு இந்தப் பிரிவினையில் உடன்பாடில்லை. இந்தக் குடாநாட்டில் இடிந்து கிடப்பதையும் பானையில் கொதிப்பதையும் தந்தவை இரண்டே பொருள்கள்: நிலத்தின் சுண்ணக்கல்லும் அதன்மேல் நிற்கும் பனையும். இரண்டையும் சேர்த்துப் பார்க்காதவர் இரண்டிலும் பாதியைத்தான் பார்க்கிறார்.

கந்தரோடை, சுன்னாகத்துக்குப் பக்கத்தில், நகரிலிருந்து வடக்கே ஏறத்தாழ 10 கிலோமீட்டரில் இருக்கிறது. பனைகளுக்கு நடுவே வேலியடைத்த ஒரு துண்டுக் காணி. உள்ளே சிறிதும் பெரிதுமாகச் சாம்பல் நிறத் தூபிகள், கவிழ்த்து வைத்த சட்டிகள்போல் ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு இருக்கின்றன. அநுராதபுரத்தின் மலைபோன்ற தூபிகளைப் பார்த்துவிட்டு நேரே இங்கே வருகிறவருக்கு முதலில் ஏமாற்றமாக இருக்கும். கிட்டப் போய்க் குனிந்து பார்க்க வேண்டும். அநுராதபுரத்தில் செங்கல், இங்கே முருகைக்கல்லும் சுண்ணக்கல்லும். ஒவ்வொரு கல்லின் வெளிமுகத்தையும் தூபியின் வளைவுக்கு ஏற்றபடி செதுக்கி வரிசை வரிசையாக அடுக்கியிருக்கிறார்கள். கல்லின் முகத்தில் ஊசித்துளைகள். சில கற்களில் கடல் பிராணிகள் கட்டிய அறைகள் இன்னமும் தெரிகின்றன. செங்கல் சுட நல்ல களி தேடி அலையாமல், காலடியில் இருந்ததையும் கரையில் கிடைத்ததையும் வைத்துக் கட்டியவர்களின் வேலை இது.

இந்த இடத்தை வெளியுலகுக்குச் சொன்னவர் போல் ஈ. பீரிஸ். யாழ்ப்பாணத்தில் நீதிபதியாக இருந்தபோது, 1910களின் பிற்பகுதியில், இங்கே அகழ்ந்து அரச ஆசியக் கழகத்தின் இலங்கைக் கிளை இதழில் எழுதினார். உரோம நாணயங்கள், இலட்சுமி உருவம் பொறித்த தகடுகள், மணிகள் எல்லாம் இந்தச் சின்ன ஊரில் கிடைத்தன. 1970இல் பென்சில்வேனியாப் பல்கலைக்கழக அருங்காட்சியகத்தின் குழு, விமலா பெக்லியின் தலைமையில் தோண்டியபோது தூபிகளுக்கும் முந்திய அடுக்குகள் வந்தன. கறுப்பு-சிவப்பு மட்பாண்டங்கள், அதாவது தமிழ்நாட்டின் பெருங்கற்காலக் குடியிருப்புகளில் கிடைக்கும் அதே வகை. பத்து ஆண்டுகள் கழித்து ஆனைக்கோட்டையில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தார் கண்டெடுத்த ஈமக்குழியில், "கோவேத" என்று பிராமி எழுத்துப் பொறித்த முத்திரை இருந்தது. கந்தரோடையில் வாழ்ந்தவர்கள் எந்தக் கடலைப் பார்த்து வாழ்ந்தார்கள் என்று கேட்பவருக்கு இவை போதும்.

பெயர்ப்பலகையில் இந்த இடத்துக்கு "கதுருகொட விகாரை" என்ற பெயரும் உண்டு. பௌத்தச் சின்னம் என்றால் தமிழருடையதல்ல என்று ஒரு சாராரும், தமிழருடையது என்றால் பௌத்தத்தை ஒதுக்கிவிட வேண்டும் என்று இன்னொரு சாராரும் இழுபறிப்படுகிறார்கள். காஞ்சியிலும் நாகப்பட்டினத்திலும் தமிழர் பௌத்தராக இருந்தார்கள். மணிமேகலை தமிழில் எழுந்த பௌத்தக் காப்பியம். யாழ்ப்பாணத்தில் மட்டும் அது நடக்க முடியாது என்று சொல்ல ஒரு காரணமும் எனக்குத் தெரியவில்லை. இந்தத் தூபிகளைப் பார்க்க வரும் தமிழர் அந்நியர் வீட்டுக்குள் நுழைவதுபோல் ஓரமாக நிற்க வேண்டியதில்லை.

கந்தரோடையிலிருந்து கிழக்கே புத்தூர்ப் பக்கம் நிலாவரை. சதுரமாகக் கட்டிய கிணறு, இறங்கப் படிகள், பச்சை கலந்த நீலத் தண்ணீர். அடியே இல்லை என்று ஊரில் சொல்வார்கள். இராமர் அம்பு எய்து உண்டாக்கினார் என்று ஒரு கதையும் உண்டு. உண்மையில் இது சுண்ணக்கல் கரைந்து மேற்கூரை உள்ளே விழுந்ததால் திறந்துகொண்ட பள்ளம். மேலே நல்ல தண்ணீர், ஆழத்தில் கடலின் உப்பு. யாழ்ப்பாணத்தில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு ஒன்றும் இல்லை. மழைக்கு மட்டும் ஓடுகிற வழுக்கையாற்றைத்தான் ஆறு என்கிறோம். பெய்கிற மழை கல்லுக்குள் இறங்கி, உப்புத் தண்ணீரின்மேல் மிதந்து நிற்கிறது. அதைக் கிணற்றால் மொண்டுதான் இந்த ஊர் வெங்காயமும் புகையிலையும் விளைத்தது.

உலகத்தின் மறுபக்கத்தில் இதே நிலத்தில் இன்னொரு மக்கள் வாழ்ந்தார்கள். மெக்சிக்கோவின் யுகட்டான் தீபகற்பமும் சுண்ணக்கல் தட்டுத்தான். அங்கும் மேற்பரப்பில் ஆறு அருமை, நிலத்தில் விழுந்த பள்ளங்களே நீர்நிலைகள். மாயா மக்களின் சிச்சென் இட்சா நகரம் அப்படிப்பட்ட ஒரு கிணற்றின் பெயரைத் தாங்கியது. அதற்குள் பொன்னும் பச்சைக்கல்லும் மனித உயிர்களும் காணிக்கையாகப் போயின. அங்கே கோபுரங்களுக்குப் பூசிய அதே சுண்ணாம்பில்தான் சோளத்தையும் அவித்தார்கள். சுண்ணாம்புத் தண்ணீரில் வெந்த சோளம் தோல் கழன்று, அரைக்க இலகுவாகி, உடம்புக்கு வேண்டிய சத்தையும் விடுவிக்கும். இன்றும் அங்கே ரொட்டிக்கு மாவு அப்படித்தான் தயாராகிறது. கோயிலைக் கட்டிய பொருள் அடுப்படியிலும் இருந்தது என்பதைப் படித்தபோது எனக்கு உடனே நினைவுக்கு வந்தது நம்முடைய கருப்பநீர் முட்டி.

தமிழ்நாட்டார் பதநீர் என்பதை நாங்கள் கருப்பநீர் என்போம். பாளையைச் சீவிக் கட்டுகிற முட்டியின் உட்புறத்தில் சுண்ணாம்பு தடவினால் இறங்குகிற சாறு புளிக்காது, இனிப்பாகவே இருக்கும். தடவாமல் விட்டால் வெயில் ஏறுவதற்குள் கள்ளாகிவிடும். ஒரு விரல் சுண்ணாம்புதான் வித்தியாசம். அந்த இனிப்பைக் காய்ச்சி இறுக்கினால் பனங்கட்டி. அதைப் பனையோலையில் பின்னிய குட்டானில் ஊற்றி ஆறவிடுவார்கள். 1990களில் வடக்கின்மீது பொருளாதாரத் தடை இருந்தபோது, சீனி கிடைக்காத வீடுகளில் வெறும் தேநீருக்குப் பனங்கட்டியைக் கடித்துக்கொண்டார்கள். அந்த ஆண்டுகளில் பதுங்குகுழிகளின்மேல் அடுக்கியதும் பனங்குற்றிதான்.

கூழ் மத்தியானத்துக்கு. முளைத்த பனங்கிழங்கை அவிக்காமல் கிழித்து வெயிலில் காயவைத்தால் ஒடியல், அவித்துக் காயவைத்தால் புழுக்கொடியல். ஒடியலை இடித்த மா கசக்கும். நான் பார்த்த வீட்டில் அம்மா ஒருவர் காலையிலேயே மாவைத் தண்ணீரில் ஊறப்போட்டிருந்தார். மேலே தெளிந்த தண்ணீரைச் சரித்து ஊற்றிவிட்டு, மாவைத் துணியில் கட்டிப் பிழிந்தார். "அவசரப்பட்டா வாய் வைக்கேலாது, பிள்ளை. கசப்பு முழுக்கப் போகோணும்." பெரிய பானையில் ஒரு பிடி அரிசி, பலாக்கொட்டை, பயற்றங்காய், மரவள்ளிக்கிழங்கு முன்னாலேயே வெந்துகொண்டிருந்தன. நண்டும் இறாலும் மீன்தலையும் விழுந்தன. செத்தல் மிளகாயை அம்மியில் அரைத்துக் கரைத்தார், பழப்புளி விட்டார். கடைசியில்தான் மா. அதை ஊற்றியதும் அகப்பையை ஒரு கணம்கூட நிறுத்தவில்லை, நிறுத்தினால் அடிப்பிடித்துவிடும். கூழ் தடித்து, மேலே மெதுவாகக் குமிழி வெடித்தது.

குடிக்கத் தந்தது பிளாவில். பனையோலையை மடித்து, நுனியைக் கட்டி, தோணி வடிவில் செய்த கிண்ணம். சூடான கூழ் பட்டதும் ஓலையிலிருந்து பச்சை வாசம் ஒன்று எழும். எவர்சில்வர் கிண்ணத்தில் ஊற்றிக் குடித்தால் அந்த வாசம் இல்லை, கூழிலும் பாதி இல்லை. சில இடங்களில் வெளிநாட்டுப் பயணிகளுக்கு வசதி என்று கிண்ணமும் கரண்டியும் வைக்கிறார்கள். தயவுசெய்து பிளா கேளுங்கள்.

நல்லூரில் யாழ்ப்பாண அரசின் தலைநகர் இருந்தது. பார்க்கக் கிடைப்பது மிகக் கொஞ்சம். சட்டநாதர் கோயில் பக்கத்தில் ‘ப’ வடிவில் வெட்டிய யமுனா ஏரி. பருத்தித்துறை வீதியோரத்தில் சங்கிலித்தோப்பு வளைவு. பக்கத்திலேயே மந்திரிமனை, அரசனின் மந்திரி இருந்த வீடு என்று வழக்கு, ஆனால் இன்று நிற்கிற கட்டடத்தில் ஐரோப்பியக் கைப்பழக்கம் தெளிவாகத் தெரிகிறது. 1619இல் போர்த்துக்கேயர் அரசைப் பிடித்தார்கள். 1621இல் பிலிப்பே டி ஒலிவேரா கந்தசுவாமி கோயிலை இடிப்பித்தான். இப்போதைய கோயில் ஒல்லாந்தர் காலத்தில், 18ஆம் நூற்றாண்டில், வேறிடத்தில் எழுந்தது. பழைய கோயிலின் கற்கள் கோட்டைக்குப் போயின என்பது இங்கே எல்லோரும் அறிந்த வரலாறு.

ஆகவே கோட்டைக்குள் நுழையும்போது நல்லூரையும் கூட்டிக்கொண்டுதான் நுழைய வேண்டும். போர்த்துக்கேயர் கட்டியது நாற்சதுரம். 1658இல் ஒல்லாந்தர் பிடித்து, அதை ஐங்கோணமாகப் புதிதாகக் கட்டினார்கள். வெளி அரண்கள் முடிய 1792 ஆயிற்று. மூன்று ஆண்டுகளில் ஆங்கிலேயர் வந்துவிட்டார்கள். உள்ளே 1706இல் எழுந்த சிலுவை வடிவத் தேவாலயம், போரில் நொறுங்கி இன்று கற்குவியலும் சுவர்த் துண்டுகளுமாகக் கிடக்கிறது. இடிபாடு ஓர் உபகாரம் மட்டும் செய்திருக்கிறது: சுவரின் உள்ளே என்ன இருந்தது என்பதைக் காட்டிவிட்டது. சாந்து உதிர்ந்த இடத்தில் மூளைபோல் மடிப்பு மடிப்பான முருகைக்கல், பூப்பூவாய்த் துளைகள் கொண்ட இன்னொன்று, அவற்றைப் பிணைத்த வெள்ளைச் சுண்ணாம்பு. கந்தரோடையில் செதுக்கி வைத்த அதே கல். அங்கே பக்திக்கு, இங்கே பீரங்கிக்கு.

பனையும் இங்கே உண்டு. ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்துப் பனை மரத்தைத் தூலமும் சலாகையுமாக அறுத்துக் கொழும்புக்கும் சோழமண்டலக் கரைக்கும் ஏற்றினார்கள். யானை, சங்கு, புகையிலை வரிசையில் பனஞ்சலாகையும் ஒரு வருமானம். குடாநாட்டு ஓட்டு வீடுகளின் கூரைகளை அண்ணாந்து பார்த்தால் கறுத்துப்போன பனஞ்சலாகை இன்னும் தாங்கிக்கொண்டிருக்கும்.

வழிகாட்டிகள் சொல்லாமல் விடுகிற ஒன்றைச் சொல்ல வேண்டும். மரத்தில் ஏறிச் சீவியவர்களும் சுண்ணாம்பு சுட்டவர்களும் இந்த ஊரில் கீழே வைக்கப்பட்டார்கள். அவர்கள் இறக்கிய கருப்பநீரைக் குடித்தவர்கள் அவர்களைக் கோயிலுக்குள் விடவில்லை. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் நடந்த ஆலயப் பிரவேசப் போராட்டம் வயதானவர்களுக்கு இன்னும் நினைவிருக்கிறது. "பாரம்பரிய உணவு" என்று மேசையில் வைக்கும்போது இந்தப் பகுதியையும் சேர்த்து வைப்பதுதான் நேர்மை.

கடலில் முருகைக்கல் எடுப்பதற்கு இப்போது சட்டத் தடை இருக்கிறது, அது நல்லது. அதனால் கோட்டையிலோ கந்தரோடையிலோ விழுகிற ஒவ்வொரு கல்லையும் அதே இடத்தில் திரும்ப வைப்பதைத் தவிர வேறு வழியில்லை. மரமேறுகிறவர்களும் குறைந்துகொண்டே போகிறார்கள். பிள்ளைகள் அந்தத் தொழிலுக்கு வருவதில்லை. அரைநாள் சுற்றுலா நடத்துகிறவர்களிடம் நான் கேட்பது ஒன்று. மாரி முடிந்து வெயில் ஏறும் மாதங்களில் கந்தரோடைக்குப் போகும் வழியில், காலையில் மரத்தடியில் வானை நிறுத்துங்கள். முட்டி இறங்குவதைப் பயணிகள் பார்க்கட்டும், சுண்ணாம்பு தடவுவதை மரமேறுகிறவரே சொல்லட்டும். கருப்பநீருக்கான காசை இடையில் யாரும் எடுக்காமல் அவர் கையிலேயே கொடுங்கள். பிறகு தூபிகளைப் பார்க்கலாம்.