கபடி, தமிழ் தலைவாஸ், அப்புறம் எங்க சித்தப்பா

கபடி பத்திப் பதிவுன்னதும் "என்ன, கில்லி படத்துக்கு விமர்சனமா?"ன்னு கேப்பீங்க. இல்லைங்க. வெண்ணிலா கபடி குழுவும் இல்ல. தமிழ் தலைவாஸ் டீமோட வரலாறு, அதுக்கு முன்னாடி இருந்த வரலாறு, அந்த முன்னாடி வரலாறு ஏன் யார் கையிலயும் இல்லைங்கிற என்னோட புலம்பல், இதான் மேட்டர். கொஞ்சம் நீளம். ஒரு டீ சொல்லிட்டு உக்காருங்க.

ஆரம்பிச்சு வெச்சது எங்க கிளையண்ட் ஒருத்தர். இங்கிலாந்துல விகன்கிற ஊர்க்காரர். ராத்திரி கால்ல ஆணி புடுங்கி முடிச்சதும் அஞ்சு நிமிசம் ஊர்க்கதை பேசுவோம். அவருக்கு ஊர்க்கதைன்னா ஒண்ணே ஒண்ணுதான்: ரக்பி லீக். நம்ம டிவில எப்பவாவது காட்டுற ரக்பியில இருந்து பிரிஞ்சு போன தம்பி அது. ஏன் பிரிஞ்சுதுன்னு அவர் சொன்ன கதை சூப்பர். வட இங்கிலாந்துல ஆடினவங்க நிலக்கரிச் சுரங்கத்துலயும் மில்லுலயும் வேலை பாத்தவங்க. சனிக்கிழமை மேட்சுக்குப் போனா அன்னிக்குக் கூலி கட். அந்தக் கூலியை மட்டுமாவது கிளப் குடுக்கட்டும்னு கேட்டாங்க. லண்டன் பக்கத்துப் பெரிய மனுசங்க "காசு வாங்கிட்டு ஆடுறது கௌரவம் இல்ல"ன்னுட்டாங்க. 1895 ஆகஸ்ட் 29-ம் தேதி ஹடர்ஸ்ஃபீல்டு ஊர்ல ஒரு ஓட்டல்ல கூடி, "நீங்களும் வேணாம் உங்க ரக்பியும் வேணாம்"னு வடக்கத்திக் கிளப்புகள் வெளிய வந்துடுச்சு. இழந்த கூலிக்கு ஒரு நாளைக்கு 6 ஷில்லிங் வரைக்கும் குடுக்கலாம்னு விதி போட்டாங்க. மொத்தச் சண்டையும் ஒரு நாள் கூலிக்காகத்தான்.

அவங்க ஊர் கிளப் 1872-ல ஆரம்பிச்சது. அதோட பெரிய ஹீரோ பில்லி பாஸ்டன், 1950, 60-கள்ல ஆடினவர். 488 மேட்ச், 478 ட்ரை. ட்ரைன்னா எதிராளி எல்லைக்குள்ள பந்தைக் கொண்டு போய் வெக்கிறது. 2025-ல அவருக்கு 90 வயசுல சர் பட்டம் குடுத்தாங்க, ரக்பி லீக்ல அதை வாங்கின முதல் ஆள். எல்லாம் சொல்லி முடிச்சுட்டு நம்மாளு கேட்டாரு: "உங்க ஊர்ல என்ன விளையாட்டு? உங்க பில்லி பாஸ்டன் யாரு? எத்தனை பாயிண்ட் எடுத்திருக்கார்?"

விளையாட்டு என்னன்னு சொல்லிட்டேன். பந்து இல்லாத ரக்பி, மூச்சை அடக்கிக்கிட்டு ஆடணும்னு சொன்னதும் மனுசன் மிரண்டுட்டாரு. யாருன்னும் சொல்லிட்டேன். எத்தனைங்கிற கேள்விக்குத்தான் பதிலே இல்ல.

தமிழ் தலைவாஸ் கணக்கு வேணும்னா புள்ளி சுத்தமா இருக்கு. புரோ கபடி லீக் 2014 ஜூலைல ஆரம்பிச்சுது. முதல் நாலு சீசன் தமிழ்நாட்டுக்கு டீமே கிடையாது. 2017-ல அஞ்சாவது சீசனுக்கு வந்தோம். உரிமையாளர்கள்ல சச்சின் ஒருத்தர், விளம்பரத் தூதர் கமல். முதல் கேப்டன் இமாச்சலப் பிரதேசத்து அஜய் தாக்கூர். 2016 உலகக்கோப்பை ஃபைனல்ல ஈரான் கிட்ட பாதி ஆட்டம் வரைக்கும் பின்தங்கி இருந்த இந்தியாவை 38-29னு ஜெயிக்க வெச்சவர், அந்த மேட்ச்ல மட்டும் 12 பாயிண்ட். பிடிக்க வர்றவன் தலைக்கு மேல தவளை மாதிரி தாவிப் போவாரே, அவரேதான்.

இவ்ளோ இருந்தும் முதல் மூணு சீசனும் நமக்குக் கடைசி இடம். முதல் ரெண்டு தடவை நம்ம பிரிவுல கடைசி. 2019-ல அஜய் தாக்கூர், ராகுல் சௌத்ரி, மஞ்சீத் சில்லர்னு மூணு மலைகளை ஒண்ணா நிக்க வெச்சு 12 டீம்லயே கடைசி! அந்த வருசம் நாங்க ஊர்ல டிவி முன்னாடி உக்காந்து பட்ட பாடு இருக்கே... வேணாம், பழைய ரணம்.

2022-ல பவன் செராவத்தை 2.26 கோடிக்கு எடுத்தாங்க. அன்னிக்குத் தேதிக்கு அதான் லீக்லயே பெரிய தொகை. முதல் மேட்ச்லயே முட்டி போச்சு, சீசனே முடிஞ்சுது அவருக்கு. "அவ்ளோதான்டா"ன்னு நாங்க சேனலை மாத்தப் போனப்ப, புதுசா வந்த நரேந்தர்ங்கிற பையன் 243 ரெய்டு பாயிண்ட் எடுத்தான். கவர்ல நம்ம தமிழ்நாட்டுப் பையன் எம். அபிஷேக், கார்னர்ல சாகர். உ.பி. டீமை டைபிரேக்கர்ல தட்டிட்டு முதல் முறையா அரையிறுதிக்குப் போனோம். புனே கிட்ட 37-39. ரெண்டே ரெண்டு பாயிண்ட்!

பாருங்க, எல்லாம் டக்கு டக்குன்னு சொல்ல முடியுது. ஏன்னா எண்ணி வெச்சிருக்காங்க. எந்த ரெய்டு காலி ரெய்டு, யார் எத்தனை தடவை பிடிச்சாங்க, எல்லாம் இருக்கு. ஆனா எல்லாம் 2014-க்கு அப்புறம்தான்.

தருமராஜ் சேரலாதனை எடுத்துக்குங்க. தஞ்சாவூர் பக்கத்துக்காரர். கால்பிடியில மன்னன். உள்ள வந்தவன் கணுக்கால் ஒரு தடவை சிக்குச்சுன்னா அவ்ளோதான், பூட்டு போட்ட மாதிரி. 2016-ல பாட்னா கோப்பை ஜெயிச்சப்ப கேப்டன். அதே வருசம் உலகக்கோப்பை ஜெயிச்ச இந்திய டீம்லயும் இருந்தார். 2019-ல கூட ஹரியானாவுக்கு ஆடினார், அப்ப வயசு 44! கூட ஆடின சின்னப் பசங்க எல்லாருக்கும் அவர் "அண்ணா". 2024-ல தமிழ் தலைவாஸுக்கே கோச்சா வந்தார். அவர் 1975-ல பொறந்தவர். அதாவது லீக்காரங்க பாயிண்ட் எண்ண ஆரம்பிச்சப்பவே அவருக்கு 39 வயசு. இருபதுலயும் முப்பதுலயும் அவர் பிடிச்ச பிடியெல்லாம் எந்தக் கணக்குல இருக்கு? சொல்லுங்க பாப்போம்.

அவருக்கு முந்தின தலைமுறை இன்னும் மோசம். ராஜரத்தினம், 1994-ல அர்ஜுனா விருது. மணத்தி கணேசன், தூத்துக்குடி மாவட்டத்து மணத்தி கிராமத்துல இருந்து கிளம்பி 1994 ஹிரோஷிமா ஏசியாட்ல தங்கம், அடுத்த வருசம் அர்ஜுனா. கபடி ஏசியாட்ல பதக்கத்துக்கான விளையாட்டா நுழைஞ்சதே 1990-லதான், அதுக்கு அடுத்த ஏசியாட்டே அவரோடது. 2025-ல மாரி செல்வராஜ் 'பைசன்' எடுத்த பிறகுதான் எங்க ஆபீஸ்ல பாதிப் பேருக்கு அவர் பேரே தெரியும். படம் வந்தது சந்தோசம். ஆனா ஒரு மனுசன் எத்தனை மேட்ச் ஆடினார், எத்தனை பாயிண்ட் எடுத்தார்னு தெரிஞ்சுக்க ஒரு நோட்டு கூட இல்லாம, படம் எடுத்துதான் ஞாபகம் வெச்சுக்கணும்னா எத்தனை பேருக்குத்தான் படம் எடுக்கறது?

இப்ப எங்க ஏரியாவுக்கு வர்றேன். திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் நடுவுல 40 கிலோமீட்டர் கூட இருக்காது. பொங்கல் சமயத்துல இந்த ரோட்டுல பஸ்ல வந்தீங்கன்னா கூட்டேரிப்பட்டு, விக்கிரவாண்டின்னு வழிநெடுக போஸ்டர் ஒட்டியிருக்கும். "மாபெரும் மின்னொளி கபடிப் போட்டி". முதல் பரிசு இவ்வளவு, சுழற்கோப்பை உபயம் இன்னார், நுழைவுக் கட்டணம் இவ்வளவு. அறுவடை முடிஞ்ச கழனியில அடித்தாளைக் கொத்தி, தண்ணி விட்டு, மண்ணைச் சலிச்சுக் கொட்டி, சுண்ணாம்புக் கோடு போட்டா ஆடுகளம் ரெடி. நாலு மூலையில கம்பம் நட்டு லைட்டு. ராத்திரி பத்து மணிக்கு ஆரம்பிச்சா விடிய விடிய ஆட்டம். ஃபைனல் முடியறப்ப பால்காரர் வந்துடுவார்.

எங்க சித்தப்பா இந்தக் களத்துல ஆடினவர். ரைட் கார்னர். எண்பதுகள்ல எங்க ஊர் டீம்னா சுத்துப்பட்டுல கொஞ்சம் பயம் உண்டு (இதைச் சொல்றது எங்க ஊர்க்காரங்கதான், அதையும் கணக்குல எடுத்துக்குங்க). அவர் கரும்பு வெட்டுக்குப் போறவர். ராத்திரி முழுக்க ஆடிட்டு காலைல கத்தியோட கழனிக்குப் போக முடியாது. போகலைன்னா கூலி கிடையாது. அதனால டீம்ல ஒரு ஏற்பாடு வெச்சிருந்தாங்க. மேட்சுக்கு மறுநாள், ஆடாம உக்காந்திருந்த பசங்க நாலு பேர், ஆடினவங்களுக்குப் பதிலா கரும்பு வெட்டப் போவாங்க. கூலி ஆடினவங்களுக்கு. பரிசுப் பணம் வந்தா எல்லாருக்கும் பங்கு.

சித்தப்பா இதைச் சொன்னப்ப எனக்குத் தூக்கி வாரிப்போட்டுது. அந்த 6 ஷில்லிங் இதேதான! விகன்ல விதியா எழுதி வெச்சாங்க, எங்க ஊர்ல யாரும் எழுதாமலே நடந்துது. கிளப்னா என்னங்கிறதுக்கு எனக்கு இப்ப இதான் விளக்கம்: நீ ஆடப் போனா உன் ஒரு நாள் கூலிக்கு யார் பொறுப்பு ஏத்துக்கறாங்களோ, அதான் உன் கிளப்.

பெரிய லெவல்ல இந்தப் பொறுப்பை ஏத்துக்கிட்டது ரயில்வே, போலீஸ், பேங்க் டீம்கள். ஸ்போர்ட்ஸ் கோட்டாவுல ஒரு வேலை கெடைச்சா முட்டி உடைஞ்சாலும் மாசம் பொறந்தா சம்பளம். அந்த வாசல் வரைக்கும் போனவங்க பேர்தான் இன்னிக்கு நமக்குத் தெரியுது. சித்தப்பாவும் ஒரு டீம் செலக்‌ஷனுக்குப் போனார். எந்த டீம்னு வேணாம் விடுங்க. செலக்‌ஷனுக்கு ரெண்டு வாரம் முன்னாடி ஒரு ஊர் மேட்ச்ல தோள்பட்டை எலும்பு முறிஞ்சு, புத்தூர் கட்டோட போய் ஓரமா நின்னு பாத்துட்டுத் திரும்பி வந்தார். அடுத்த வருசம் வயசு தாண்டிடுச்சு. இப்பவும் மழைக்காலத்துல அந்தத் தோளைத் தூக்க முடியாது.

போன பொங்கலுக்கு ஊருக்குப் போனப்ப ஒரு நோட்டு வாங்கிட்டுப் போனேன். "சித்தப்பா, எத்தனை மேட்ச் ஆடியிருப்பீங்க?"ன்னேன்.

"அதெல்லாம் எவன்டா எழுதி வெச்சான்? எழுதினா சோறா போடப் போறான்?"

ஆனா சாயங்காலம் அவரே ஆரம்பிச்சார். கூட ஆடின ஒருத்தரையும் வரச் சொல்லி, திண்ணையில உக்காந்து, ஊர் ஊரா, வருசம் வருசமா. வருசம் மறந்தா "உங்க அத்தை கல்யாணத்துக்கு முன்னாடி", "ஏரி ஒடைஞ்சுதே அந்த வருசம்"னு அடையாளம். ஒரு ஃபைனல்ல கடைசி ரெய்டுல வந்தவனைப் பிடிச்சது யாருன்னு ரெண்டு பேருக்கும் சண்டையே வந்துடுச்சு. ஆளாளுக்கு "நான்தான்". நான் ரெண்டையும் எழுதிக்கிட்டேன். ராத்திரி சாப்பாட்டுக்குள்ள 61 மேட்ச் தேறுச்சு. ஏழு பேர் கொண்ட முதல் டீம்ல மூணு பேர் இப்ப உயிரோட இல்ல, அவங்க பேரும், எந்த இடத்துல நின்னாங்கங்கிறதும் நோட்டுல வந்துடுச்சு. பொட்டி தட்டுறவன் புத்தி, மறுநாளே எக்செல்ல ஏத்திட்டேன். ஹி ஹி.

அந்த 61-ஐயும் சித்தப்பா கிட்ட காட்டினப்ப கண்ணாடியைப் போட்டுக்கிட்டு ரொம்ப நேரம் பாத்தார். "இதுல நம்ம தோத்த மேட்ச் கம்மியா இருக்குடா. அதையும் போடு"ன்னார். போட்டேன். இப்ப 74.

காலம் மாறிட்டுதான் இருக்கு. 2025 அக்டோபர்ல பஹ்ரைன்ல நடந்த ஆசிய இளையோர் விளையாட்டுல இந்தியா ரெண்டு கபடித் தங்கம் வாங்குச்சே, பொண்ணுங்க டீம்ல கண்ணகி நகர் கார்த்திகா, பசங்க டீம்ல வடுவூர் அபினேஷ். தமிழ்நாடு அரசு ஆளுக்கு 25 லட்சம் குடுத்துச்சு. அவங்க எடுக்கிற பாயிண்டையெல்லாம் இனி யாராவது எண்ணிக்கிட்டேதான் இருப்பாங்க. அவங்களுக்கு முன்னாடி ஆடினவங்களுக்குத்தான் ஆள் இல்ல, அவங்க ஞாபகத்துக்கும் வயசாகிட்டே போகுது.

அதனால ஒரு வேண்டுகோள் மக்களே. உங்க ஊர்ல சுழற்கோப்பை பஜனை கோயில் பரண்லயோ, நூலக பீரோ மேலயோ, யாராவது வீட்டு அரிசிப் பானைக்குப் பக்கத்துலயோ கெடக்கும். தூசி தட்டி அதுல வெட்டியிருக்கிற பேரை, வருசத்தை எழுதுங்க. ஆடினவங்க இருந்தா பக்கத்துல உக்காந்து கேளுங்க. சண்டை போட்டாங்கன்னா ரெண்டு பக்கத்தையும் எழுதுங்க. முக்கியமா, தோத்த மேட்சையும் கேளுங்க. பின்னூட்டத்துல போட்டீங்கன்னா எக்செல்ல சேத்துடறேன், தனி ஷீட்டே தொறந்து வெச்சிருக்கேன்.

டிஸ்கி: அந்தக் கடைசி ரெய்டைப் பிடிச்சது எங்க சித்தப்பாதான். எக்செல்ல ரெண்டு பேரும்னு இருக்கு.