அந்தப் பாட்டி பேரு எஸ்.என்.லட்சுமி

"மைக்கேல் மதன காமராஜன்ல ஒரு திருட்டுப் பாட்டி வருவாங்களே, அவங்க பேரு என்ன?"

யாரிடம் வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள். பாட்டி செய்ததெல்லாம் ஞாபகம் இருக்கும், பேரு மட்டும் வராது. 1990 தீபாவளிக்கு வந்த படம். கமல் பாலக்காட்டுத் தமிழில் ஊர்வசியை 'திருப்பு'ன்னு கூப்பிடும்போதெல்லாம் திருப்பூர்க்காரனான எனக்கு ஒரு தனிக் குஷி. (நம்ம ஊருக்கு சினிமாவில் கிடைச்ச மரியாதை அவ்வளவுதான் :) ) அந்தத் திருப்புவோட பாட்டிதான் எஸ்.என்.லட்சுமி.

எனக்கு அந்தப் பேரைச் சொன்னது எங்க பனியன் கம்பெனியில் பிசிறு வெட்டுற ஒரு அக்கா. விருதுநகர் பக்கத்திலிருந்து இங்கே பிழைக்க வந்தவர். "எங்க சென்னெல்குடிக்காரவுக தம்பி. சின்ன வயசுலயே நாடகத்துக்குப் போனவுக"ன்னார். சொல்லும்போது கத்தரி நின்னுடுச்சு. ஒன்றரை ஷிப்ட் பார்க்கிற ஆளு, பீஸ் ரேட் வேற. அந்தக் கத்தரி சும்மா நிக்காது.

அன்னைக்கு அவர் சொன்னப்புறம்தான் தேடித் தேடிப் பார்க்க ஆரம்பிச்சேன்.

1927-ல் பிறந்தவர். என்.எஸ்.கிருஷ்ணன் நாடகக் குழுவில் நடித்தவர். அப்புறம் சினிமா. கடைசிவரை கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை. ஆனா திரையில் எத்தனை பேருக்கு அம்மா!

1964-ல் வந்த 'சர்வர் சுந்தரம்' எடுத்துக்குங்க. நாகேஷுக்கு அம்மா இவர்தான். நாகேஷ் பிறந்தது 1933. அதாவது அம்மாவுக்கும் மகனுக்கும் ஆறு வயசுதான் வித்தியாசம். முப்பத்தேழு வயசுப் பெண், முப்பத்தோரு வயசு மகனுக்காக ஏங்குற கிழவி ஆகணும். நரைச்ச முடி மட்டும் இருந்தா போதுமா? மகன் பெரிய நட்சத்திரமாகி, அம்மாவோட கடைசி நேரத்துல பக்கத்துல இருக்க முடியாமல் போகிற கதை. அம்மா பாத்திரம் நம்ம மனசுல ஒட்டலைன்னா நாகேஷ் எவ்வளவு அழுதாலும் நமக்கு வலிக்காது. படத்தோட இரண்டாம் பாதி முழுக்க நிற்கிறது இவர் தோள்லதான்னு நான் சொல்லுவேன். பேரு வாங்கினது நாகேஷ். தப்பில்லை, அவர் வாங்கவேண்டியவர்தான். ஆனாலும்..

இங்கே டேபிள்ல டெய்லருக்குக் கூலி பேசுவாங்க, கட்டிங் மாஸ்டருக்கு மரியாதை உண்டு. பக்கத்துல நின்னு கை மடிக்கிற புள்ளையை யாரும் பேர் சொல்லிக் கூப்பிடுறதில்லை. "ஏ கைமடி"தான். அந்தப் புள்ளை ஒரு நாள் லீவு போட்டா டேபிளே தடுமாறும். எனக்கு சினிமாவில் துணை நடிகைகளைப் பார்க்கும்போது இந்த ஞாபகம் வராமல் இருக்காது.

நிற்க. கமல் இவரை மறக்கவில்லை என்பதைச் சொல்லியாகணும். 'தேவர் மகன்', 'மகாநதி', 'விருமாண்டி' எல்லாத்திலும் இருக்கிறார். 'மகாநதி' (1994) பார்த்துட்டு உடனே 'மைக்கேல் மதன காமராஜன்' பாருங்க. அங்கே குடும்பம் சிதறுவதைப் பார்த்துத் தவிக்கிற மாமியார், இங்கே கை சும்மா இருக்காத திருட்டுக் கிழவி. ஒரே ஆளுன்னு நம்பவே கஷ்டமா இருக்கும். என் ஓட்டு திருட்டுப் பாட்டிக்குத்தான். முழியிலேயே பாதி வசனத்தைப் பேசிடுவார்.

எண்பது தாண்டியும் ஓயவில்லை. விஜய் டிவி 'சரவணன் மீனாட்சி' சீரியலில் வந்துகொண்டிருந்தபோதே, 2012 பிப்ரவரி 20-ந் தேதி சென்னையில் காலமானார். எண்பத்தைந்து வயது.

ஞாயித்துக்கிழமை மிஷின் ஓடாத நாளா பார்த்து 'சர்வர் சுந்தரம்' போட்டுப் பாருங்க மக்களே. டைட்டில் ஓடும்போது ரிமோட்டைத் தொடாதீங்க.