படச்சுருள் தேடிய செட்டியார்

ஏட்டுச் சுவடிகளைத் தேடி ஊர் ஊராக அலைந்த டாக்டர் உ. வே. சாமிநாதையரை மாணவர் அனைவரும் அறிவர். அவரைப் போன்றே தேடி அலைந்த மற்றொருவர் ஏ. கே. செட்டியார். அவர் தேடியது ஓலையன்று, படச்சுருள். திரைப்படத்தைப் பெரிதாக மதித்தவன் அல்லேன் யான். ஆயினும், இவர் வரலாற்றைப் படித்தபின் அக்கருத்தைச் சிறிது மாற்றிக்கொண்டேன்.

செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911-ஆம் ஆண்டு பிறந்த இவர், ஜப்பானிலும் அமெரிக்காவிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் நாள் நியூயார்க்கிலிருந்து அயர்லாந்து நோக்கிக் கப்பலிற் சென்றுகொண்டிருந்தார். அன்று காந்தியடிகள் பிறந்த நாள். அடிகளின் வாழ்க்கையைச் செய்திப் படமாக ஆக்கவேண்டும் என்னும் எண்ணம் நடுக்கடலில் அவர் உள்ளத்தே தோன்றிற்று. அப்பொழுது அவருக்கு வயது 26 கூட நிரம்பவில்லை.

எண்ணுதல் எளிது. அடிகளைப் பற்றிய படத்துண்டுகள் ஓரிடத்திலா இருந்தன? 30 ஆண்டுக் காலத்தில் ஏறத்தாழ 100 ஒளிப்பதிவாளர்கள் எடுத்தவை நாடுதோறும் சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடிச் செட்டியார் தென்னாப்பிரிக்கா முதலிய நாடுகளில் ஏறத்தாழ 1,00,000 மைல் சுற்றினார். திரட்டிய சுருளின் நீளம் 50,000 அடி. புதியனவாக எடுக்கவேண்டிய காட்சிகளுக்கு டாக்டர் பி. வி. பதி என்னும் ஒளிப்பதிவாளர் துணை நின்றார். ஒளிப்பதிவாளர் பட்ட பாடு தனிப் பாடு. அடிகளோ படத்திற்கென்று நின்று கொடுக்கும் வழக்கம் இல்லாதவர். "சற்றே இப்புறம் திரும்புங்கள்" என்று அவரிடம் யார் சொல்வது? அவர் நூற்கும்போதும் நடக்கும்போதும் கிடைத்த ஒளியிற் கிடைத்ததைப் பிடித்துக்கொள்ள வேண்டியதுதான்!

50,000 அடி 12,000 அடியாகச் சுருக்கப்பெற்றது. அதுவே இரண்டு மணி நேரத்திற்கு மேல் ஓடும். தமிழ் விளக்கவுரையோடு 1940-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் சென்னையில் படம் வெளிவந்தது. ஆங்கிலேயர் ஆட்சி நடந்த காலம் அது என்பதை நினைவிற் கொள்க.

இத்துணைப் பாடுபட்டுச் சேர்த்த படம் பின்னாளிற் காணாமற் போயிற்று. 2006-ஆம் ஆண்டு ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அமெரிக்காவிற் கண்டெடுத்தது ஆங்கில வடிவத்தின் சுருக்கமே. தமிழ் மூலம் அவர்க்குக் கிட்டவில்லை.

இதனைப் படித்தபோது யான் நாணித் தலை குனிந்தேன். செட்டியார் நடத்திய 'குமரி மலர்' என்னும் இதழை என் தந்தையார் ஆண்டுவாரியாகக் கட்டமைத்துப் போற்றி வந்தார். மறைந்துபோன பழைய ஏடுகளிலிருந்து அரிய கட்டுரைகளைத் தேடியெடுத்து மீண்டும் அச்சிட்ட இதழ் அது. தந்தையார் காலமான பின், வீட்டிற்கு வெள்ளையடித்த நாளில், 'இலக்கணமா, இலக்கியமா? பழஞ்செய்திகள்தாமே!' என்று எண்ணி, அத்தொகுதிகளைப் பழைய தாள் வாங்குவோனிடம் எடைக்குப் போட்டுவிட்டேன். ஆடிப்பெருக்கில் ஏடுகளை ஆற்றில் விட்டவர்களை அந்நாளில் வகுப்பிலே எத்தனை முறை இகழ்ந்திருப்பேன்!

ஒரு தொகுதி மட்டும் கொல்லைக் கதவிற்கு முட்டாகக் கிடந்தமையால் தப்பிற்று. அதன் அட்டையில், "கேட்பவர்க்குக் கொடுக்க; மறவாது திரும்பப் பெறுக" என்று தந்தையார் எழுதியிருக்கிறார். அதனைத் துடைத்து என் மேசைமேல் வைத்திருக்கிறேன். முதற் பதினாறு பக்கங்கள் இல்லை.