மணி கற்பித்த பாடம்

கண்டியை அடுத்த பேராதனைப் பல்கலைக்கழக மிருக வைத்தியசாலை வாசலில் எங்கள் மணி நான்கு கால்களையும் ஊன்றி நின்றுவிட்டது. விசர்நாய்க்கடித் தடுப்பூசி ஆண்டுதோறும் தவறலாகாதே! சங்கிலியைப் பற்றி இழுத்தேன். என் கையைக் கவ்வியது. பிழை அதனுடையதன்று.

அன்றுமுதல் என் மகள் அதன் காதையும் பாதத்தையும் மெல்லத் தொட்டுத் தொட்டு, உடனுக்குடன் பிஸ்கட் துண்டு கொடுத்தாள். வீட்டு மேசைமீது நிற்கப் பழக்கினாள். ஊசியில்லாத நாட்களிலும் வைத்தியசாலை வாசல்வரை சென்று, சிறிது அமர்ந்து, திரும்பினோம். உறுமினால் அதட்டாமல் விலகி நின்றோம்.

மறு ஆண்டு மணி நடுங்கிற்று. ஆயினும் அவள் கையை நக்கியபடியே ஊசியை ஏற்றுக்கொண்டது.

விடை தெரியாது நடுங்கும் மாணவனிடம் நான் இப்போது குரலை உயர்த்துவதில்லை.